முதலில் அலாரத்தை எழுதுங்கள்

காலப்பயணக் கதையும் திரைக்கதையும் எழுதிக்கொண்டிருக்கும் தம்பி தங்கைகளுக்கு,

இதை விமர்சகர் மடலாக எடுத்துக்கொள்ள வேண்டாம். டிக்கெட் எடுத்தவனின் மடல். நீங்கள் எழுதுவது எந்த இதழில் வந்தாலும் தேடிப் படிக்கிறவன் நான். போஸ்டரில் ஒரு வாட்சும் பின்னால் சுழலும் நீல வெளிச்சமும் தெரிந்தால் போதும், முதல் வாரமே தியேட்டரில் இருப்பேன். அந்த உரிமையில் ஒரு குறையைச் சொல்லிவிடுகிறேன்.

உங்கள் கதைகளில் இயந்திரத்துக்குக் குறைவில்லை. ‘இன்று நேற்று நாளை’யில் (2015) எதிர்காலமான 2065-இலிருந்து ஒரு மெஷின் வந்தது. ‘24’-இல் (2016) அது கைக்கடிகாரம். ‘மார்க் ஆண்டனி’யில் (2023) தொலைபேசி. அது எப்படி ஓடுகிறது என்பதற்கு இரண்டு பக்க வசனமும் தயாராக வைத்திருக்கிறீர்கள். ஆனால் நாயகன் நேற்றைக்குப் போய் எதையோ இடறிவிட்டுத் திரும்புகிறான். உலகம் மாறிக் கிடக்கிறது. மாறிவிட்டது என்று அவனுக்கு எப்படித் தெரிகிறது? ஞாபகம் இருக்கிறது, அவ்வளவுதான். அம்மாவுக்கு இல்லை, நண்பனுக்கு இல்லை, காவல் நிலையப் பதிவேட்டில் இல்லை. அவனுக்கு மட்டும் இருக்கிறது. ஏன் என்று கேட்டால், அவன் நாயகன்.

நான் கேட்பது இவ்வளவுதான்: காலத்தில் ஒரு பிறழ்வு நேர்ந்தால் அதைக் கண்டு மணியடிக்கும் கருவியை, டைம் மெஷினுக்கு முன்பே எழுதுங்கள். கதை யார் கையில் இருக்கிறது, யார் பக்கம் நிற்கிறது என்பதையெல்லாம் அதுதான் தீர்மானிக்கிறது.

சிக்கலைக் கொஞ்சம் விரித்துப் பாருங்கள். நேற்று மாறினால் நேற்றைப் பற்றிய பதிவும் சேர்ந்தே மாறும். லாக் புக்கில் நேற்று எழுதிய வரி, எழுதியவரின் ஞாபகம், அதைச் சரிபார்த்துக் கையெழுத்திட்ட அதிகாரி எல்லாமே புதிய நேற்றிலிருந்து வந்தவை. ஆகவே காலத்துக்குள் உட்கார்ந்திருக்கும் எந்தக் கருவிக்கும் எந்தக் காலமும் ஒழுங்காகத்தான் தெரியும். முள் அசையவே அசையாது. அசைய வேண்டுமானால் கருவி அந்தப் பிறழ்வுக்கு வெளியே எங்காவது நிற்க வேண்டும். எங்கே நிறுத்துவது? உலகின் நல்ல காலக்கதைகள் பலவும் இந்த ஒரு கேள்வியோடு மல்லுக்கட்டியவைதான்.

‘ஸ்டார் டிரெக்: வாயேஜர்’ தொடரில் 1997-இல் வந்த ‘இயர் ஆஃப் ஹெல்’ என்ற இரு பாகக் கதையைத் தேடிப் பாருங்கள். அனோராக்ஸ் என்பவன் ஒரு கப்பலில் இருந்தபடி முழு இனங்களையே வரலாற்றிலிருந்து அழிக்கிறான். ஒவ்வொரு முறை அழிக்கும்போதும் ஓர் அலை கிளம்பிப் பரவுகிறது. கதை நாயகர்களின் கப்பலான வாயேஜரை மிரட்டிக்கொண்டிருந்த ஒரு சின்னக் கப்பல், அலை கடந்து போனதும் ராட்சசப் போர்க்கப்பலாக நிற்கிறது. வாயேஜரில் ஒருவர்கூடத் திடுக்கிடவில்லை. அவர்களைப் பொறுத்தவரை அது எப்போதுமே பெரிய கப்பல்தான். திடுக்கிடுவது வீட்டில் உட்கார்ந்து பார்க்கும் நாம் மட்டும். பார்வையாளனையே அலாரமாக்கிய காட்சி அது. எழுதியவர்களைப் பார்த்தால் எனக்குப் பொறாமைதான். பிறகு வாயேஜரின் சுவரில் வெடிக்காமல் செருகிக் கிடக்கும் ஒரு குண்டை, அந்தக் குழுவில் ஒருத்தியான செவன் ஆஃப் நைன் அளக்கிறாள். 1.47 மைக்ரோ விநாடி என்று ஓர் எண் கிடைக்கிறது. அதை வைத்துக் கேடயத்தைத் திருத்தி அமைக்கிறார்கள். அடுத்த அலை வருகிறபோது இவர்கள் மாறுவதில்லை; எதிரில் நின்ற பெரிய கப்பல் சின்னதாகிவிடுகிறது, அதை இவர்கள் கண்ணால் காண்கிறார்கள். அதாவது காப்பாற்றும் கருவியும் காட்டிக்கொடுக்கும் கருவியும் ஒன்றே. அந்த எண்ணை எடுக்கப்போன இடத்தில் குண்டு வெடித்து, கப்பல் அதிகாரி டூவாக் பார்வையை இழக்கிறார் என்பதையும் மறக்க வேண்டாம். உங்கள் கதைகளில் கருவிகள் இவ்வளவு விலை கேட்பதில்லை.

போல் ஆண்டர்சன் வேறு வழியில் போனார். 1955-இல் வந்த ‘டெலெண்டா எஸ்ட்’ கதையில் காலக் காவல் படையைச் சேர்ந்த இருவர் பனியுகத்துப் பிரெனீஸ் மலையில் விடுமுறையைக் கழிக்கிறார்கள். அங்கிருந்து நேராக 1960-ஆம் ஆண்டு நியூயார்க்குக்குப் போனால் ஊரும் வேறு, மொழியும் வேறு. கி.மு. 218-இல் டிசினஸ் போரில் யாரோ குறுக்கிட்டு ஸ்கிப்பியோக்களைக் கொன்றுவிட்டார்கள். ரோம் வீழ்ந்து கார்த்தேஜ் வென்ற வரலாறு அது. இந்த இருவர் மட்டும் தப்பியது எப்படி? கால்வாய் உடைந்தால் தலைமடைக்காரனுக்கு நஷ்டமில்லை, கடைமடைதான் காயும். உடைப்பு விழுந்த வருடத்துக்கு வெகு முன்னால் இருந்ததால் இவர்கள் அப்படியே இருக்கிறார்கள். பின்னால் இருந்த சகாக்கள் பிறக்கவே இல்லை. கருவி எதுவும் கிடையாது, விடுமுறை எடுத்திருந்த இடம்தான் கருவி.

ஐசக் அசிமோவ் காலத்துக்கு வெளியிலேயே ஓர் அலுவலகம் கட்டினார். அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். ரே பிராட்பரி 1952-இல் எழுதிய ‘எ சவுண்ட் ஆஃப் தண்டர்’ கதையில் எல்லாரும் மிதிபட்ட பட்டாம்பூச்சியைத்தான் சொல்வார்கள். எனக்குப் பிடித்தது அதற்கு அடுத்த கட்டம். வேட்டைக்குப் போனவன் திரும்பி வந்து நிற்கும்போது காற்றில் ஏதோ ஒரு வாடை வித்தியாசப்படுகிறது. விளம்பரப் பலகையில் எழுத்துக்கூட்டல் மாறியிருக்கிறது. மேஜைக்குப் பின்னால் இருக்கும் ஆளுக்கு எதுவுமே தெரியவில்லை. மூக்கும் ஒரு பலகையும் போதும் என்று காட்டிவிட்டார். ஜப்பானின் ‘ஸ்டைன்ஸ் கேட்’ விளையாட்டு (2009) ஒளிரும் குழாய்களில் ஆறு தசம இடங்கள் வரை எண் காட்டும் மீட்டரை வைத்தது. எந்த உலகக்கோட்டிலிருந்து எவ்வளவு விலகியிருக்கிறோம் என்று அது சொல்லும். ஆனால் முந்தைய எண் என்னவென்று நினைவில் வைத்திருக்க நாயகன் ஒகாபே தேவைப்படுகிறான். அந்த இடத்தில் அவர்களும் நம்மைப் போலத்தான்.

இனி நிஜக் கருவிகளுக்கு வருவோம். கற்பனைக்கு இங்கேதான் நல்ல தீனி கிடக்கிறது. நீங்கள் யாரும் இந்தப் பக்கம் எட்டிப் பார்க்காததுதான் என் வருத்தம்.

காலவெளியில் ஏற்படும் குலுக்கலைப் பிடிக்கும் கருவி ஒன்று உண்மையிலேயே இருக்கிறது. அமெரிக்காவின் லைகோ. ஹான்ஃபோர்டில் ஒன்று, லிவிங்ஸ்டனில் ஒன்று; நடுவே ஏறக்குறைய 3,000 கிலோமீட்டர். ஒவ்வொன்றிலும் 4 கிலோமீட்டர் நீளக் கைகள் இரண்டு. புரோட்டானின் விட்டத்தில் ஆயிரத்தில் ஒரு பங்கைவிடக் குறைவாக அந்த நீளம் மாறினாலும் பதிவாகும். இத்தனை நுட்பமான கருவிக்குப் பக்கத்துச் சாலையில் போகும் லாரியும் பூகம்பம்தான். அதனால்தான் இரண்டு. லாரி ஒரு ஊரில்தான் ஓடும். பிரபஞ்சத்தின் குலுக்கல் இரண்டு ஊரையும் தொடும். 2015 செப்டம்பர் 14 அன்று இரண்டும் அதிர்ந்தன, ஏறத்தாழ 7 மில்லி விநாடி இடைவெளியில். 130 கோடி ஒளியாண்டு தொலைவில் இரண்டு கருந்துளைகள் மோதி ஒன்றாகியிருந்தன.

அது அறிவியல். கதை அதற்கு ஐந்தாண்டு முன்பு நடந்தது. 2010 செப்டம்பரில் இதே கருவிகளில் ஓர் அருமையான சமிக்ஞை வந்தது. விஞ்ஞானிகள் மாதக்கணக்கில் அலசினார்கள். ஆய்வுக் கட்டுரையே எழுதித் தயாராக வைத்துவிட்டார்கள். 2011 மார்ச்சில் எல்லாரும் கூடியிருந்த கூட்டத்தில் ரகசிய உறை பிரிக்கப்பட்டது: அந்தச் சமிக்ஞை போலி. காவலிருப்பவர்கள் விழித்திருக்கிறார்களா என்று சோதிக்க, ஒரு சிலர் மட்டும் அறியும்படி வேண்டுமென்றே உள்ளே செலுத்தியது. இப்படி ஒரு சோதனை உண்டென்று குழுவில் எல்லாருக்கும் தெரியும். எப்போது என்பதுதான் தெரியாது. ஆகவே 2015-இல் நிஜமானது வந்தபோது, அதை முதலில் கவனித்த ஜெர்மனியின் ஹனோவரில் பணிபுரிந்த இளைஞருக்கு எழுந்த முதல் சந்தேகம் இதுவும் போலியோ என்பதுதான். யோசித்துப் பாருங்கள். பிரபஞ்சமே கதவைத் தட்டுகிறது. உள்ளே இருப்பவர், ‘தேர்வு வைக்கிறார்கள் போலிருக்கிறது’ என்கிறார். இதைவிட நல்ல இடைவேளைக் காட்சியை எந்த மெஷின் தரும்?

கடிகாரங்களின் கதையும் இதே மாதிரிதான். தனியாக ஓடும் கடிகாரத்துக்குத் தன் தவறு தெரியாது. இரண்டு இருந்தால் பிழை இருப்பது தெரியும், யாருடையது என்பது தெரியாது. மூன்றாவது வந்தால்தான் பஞ்சாயத்து கூடும். உலக நேரத்தை பாரிஸுக்கு அருகே செவ்ரில் இருக்கும் சர்வதேச அளவீட்டு நிறுவனம் கணிக்கிறது. நம் டெல்லி தேசிய இயற்பியல் ஆய்வகம் உட்பட உலகெங்கும் பல ஆய்வகங்களில் ஓடும் 400-க்கும் மேற்பட்ட அணுக் கடிகாரங்களை ஒப்பிட்டு, எடை போட்டு, சராசரி எடுத்து மாதம் ஒரு முறை அறிக்கை வெளியிடுகிறார்கள். சென்ற மாதம் நம் கடிகாரம் எவ்வளவு பிசகியிருந்தது என்பது இந்த மாதம்தான் தெரியும். நிகழ்காலத்தில் மிகச் சரியான நேரம் என்று ஒன்று யார் கையிலும் இல்லை. காலப் பிறழ்வுக் கதை எழுதுகிற ஒருவர் இதைக் கேட்டுவிட்டு எப்படித் தூங்கப்போனார் என்று எனக்குப் புரியவில்லை.

பிறழ்வு எவ்வளவு சிறியதாக இருந்தால் மணி அடிக்க வேண்டும்? 2016 ஜனவரி 26 அன்று ஒரு பழைய ஜிபிஎஸ் செயற்கைக்கோளைப் பணியிலிருந்து விலக்கும்போது தரை மென்பொருளில் நேர்ந்த பிழையால், பல செயற்கைக்கோள்கள் அனுப்பிய நேரத் தகவல் 13 மைக்ரோ விநாடிக்குச் சற்று அதிகமாகப் பிசகியது. செவன் ஆஃப் நைன் கண்ட எண்ணைப்போல் ஏறக்குறைய ஒன்பது மடங்கு. சாலையில் வழி கேட்டவர்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. இருப்பிடம் சரியாகவே காட்டியது. ஆனால் தொலைத்தொடர்புக் கருவிகளில் மணிக்கணக்காக அலாரம் அலறியது, பிரிட்டனில் பிபிசியின் டிஜிட்டல் வானொலி தடுமாறியது. அன்று பணியிலிருந்தவர்கள் எந்த நேரத்தை நம்பினார்கள்? அதை யாராவது எழுதியிருக்கிறோமா?

இப்போது உங்கள் நாயகனிடம் திரும்புகிறேன். அவன் தனிக் கடிகாரம். உலகம் மாறியதா, தனக்குத்தான் புத்தி பேதலித்ததா என்று பிரித்துச் சொல்ல அவனிடம் எந்த வழியும் இல்லை. அந்தப் பயத்தை நீங்கள் இரண்டு வசனத்தில் கடந்துவிடுகிறீர்கள். ‘மாநாடு’ (2021) ஏன் அத்தனை பேரைப் பிடித்து உட்கார வைத்தது? நாயகன் அப்துல் காலிக் மட்டும் அந்த நாளைத் திரும்பத் திரும்ப வாழ்ந்தவரை அது தெரிந்த விளையாட்டுதான். வில்லன் தனுஷ்கோடிக்கும் தெரிந்துவிட்டது என்கிற இடத்தில்தான் படம் பற்றிக்கொள்கிறது. இரண்டாவது கடிகாரம் வந்துவிட்டது, அதுவும் எதிரியின் கையில். இயக்குநர் வெங்கட் பிரபு அதை இந்தக் கோணத்தில் யோசித்தாரா எனக்குத் தெரியாது; ஆனால் அந்தப் படத்தின் நிஜமான கண்டுபிடிப்பு லூப் அல்ல, அந்த இரண்டாவது சாட்சி.

சாட்சிகள் சேர்ந்துவிட்டால் அடுத்த வம்பு ஆரம்பம். விலகல் என்றால் எதிலிருந்து விலகல்? எந்தக் காலம் சரியான காலம் என்று எவர் எழுதி வைத்தது? நம் ஊரில் இதற்கு உதாரணம் தேடி அலைய வேண்டாம். திருக்கணிதப் பஞ்சாங்கப்படி சனி 2023 ஜனவரி 17-இல் கும்பத்துக்குப் போனார். வாக்கியப்படி அதே ஆண்டு டிசம்பர் 20. திருநள்ளாற்றில் கூட்டம் கூடியது அன்றைக்குத்தான். ஒரே சனி, ஒரே ராசி, நடுவே பதினொரு மாதம். ஒரு பஞ்சாங்கம் பழைய வாய்பாட்டைப் பிடித்துக்கொள்கிறது, இன்னொன்று வானத்தைப் பார்த்துத் திருத்திக்கொள்கிறது. இரண்டு வீட்டிலும் பரிகாரம் நடந்தது. ஒரு காலக் காவல் நிலையத்தில் இந்த இரண்டு பஞ்சாங்கக்காரர்களையும் எதிரெதிர் மேஜையில் உட்கார வைத்தால் எனக்கு அது போதும்; வேற்றுக்கிரகவாசி வேண்டாம்.

‘லோகி’ தொடரில் (2021) வரும் காலக் கண்காணிப்பு அலுவலகம் இதைச் சிரிப்பும் கசப்புமாகச் செய்தது. பழைய டியூப் மானிட்டர்களில் ஒரு கோடு ஓடும். கிளை பிரிந்து சிவப்பு எல்லையைத் தொடுவதற்குள் ஆட்கள் போய் அந்தக் கிளையையே அழித்துவிட்டு வருவார்கள். மார்வெல் படங்களில் பிரபஞ்சத்தையே ஆட்டிவைத்த முடிவிலிக் கற்கள் அங்கே ஒரு கிளார்க்கின் டிராயரில் சும்மா கிடக்கும்; சிலர் அவற்றைக் காகிதம் பறக்காமல் இருக்க வைத்துக்கொள்வார்கள். கடைசியில் பார்த்தால் அவர்கள் காத்தது ஒரு மனிதன் தன் வசதிக்கு வரைந்துவைத்த கோடு. கருவி துல்லியம், அளந்த அடிக்கோல் ஒருவனுடைய சொந்தச் சொத்து.

சரி, மணி அடித்துவிட்டது. என்ன செய்வது? அசிமோவின் ‘தி எண்ட் ஆஃப் எடர்னிட்டி’யை (1955) இதற்காகத்தான் ஒதுக்கி வைத்தேன். காலத்துக்கு வெளியே இருக்கும் அந்த அலுவலகத்தில் நோட்டம் பார்க்கிறவர் வேறு, கணக்குப் போடுகிறவர் வேறு, போய்க் கைவைக்கிறவர் வேறு. கைவைக்கிறவருக்கு டெக்னீஷியன் என்று பெயர். அங்கே யாரும் அவரோடு ஒட்டுவதில்லை. முடிவெடுத்தவர்கள் எல்லாரும் சேர்ந்து பாவத்தை அவர் தலையில் கட்டிவிட்டார்கள். வேலையோ அற்பமானது: எதையோ ஒன்றைப் பழுதாக்கி, ஓர் இளைஞன் ஒரு வகுப்புக்குப் போக முடியாமல் செய்வது, அதனால் ஒரு கண்டுபிடிப்பு தாமதமாகி, அடுத்த நூற்றாண்டின் போரே இல்லாமல் போகும். மிகக் குறைந்த தலையீட்டில் மிக அதிகப் பலன் என்பது அவர்களுடைய தர்மம். இப்படி ஆபத்தை எல்லாம் வழித்து எடுத்து எடுத்து, மனித குலம் நட்சத்திரங்களுக்குப் போகும் வாய்ப்பையும் சேர்த்து வழித்துவிட்டார்கள் என்பது நாவலின் அடி. எழுபது ஆண்டு ஆகிறது, இன்னும் வலிக்கிறது.

அனோராக்ஸின் கதை இதற்கு நேர் எதிர். தன் இனத்தின் பேரரசை மீட்க ஓர் எதிரி இனத்தை அழித்தான். அந்த இனத்திடமிருந்து வந்த நோய் எதிர்ப்புச் சக்தியும் சேர்ந்து மறைந்துபோக, தன் மக்களே கொள்ளைநோயில் சாகிறார்கள். அதைச் சரிசெய்ய இன்னொன்று, அதைச் சரிசெய்ய வேறொன்று. இழந்த மனைவியின் ஒரு கற்றை முடியை வைத்துக்கொண்டு இருநூறு ஆண்டு கணக்குப் போடுகிறான். ஆண்டர்சனின் காவலர்களோ ரோமை மீட்கப் புறப்படும்போது, அந்தக் கார்த்தேஜ் உலகில் பிறந்து வளர்ந்து சிரித்துப் பழகிய அத்தனை பேரையும் இல்லாமல் ஆக்குகிறார்கள். தங்களோடு ஒரே ஒரு பெண்ணைக் கூட்டிக்கொண்டு வர முடிகிறது. நம் வரலாற்றின் கொடுமைகள் எல்லாம் பத்திரமாகத் திரும்பிவிடுகின்றன.

நிஜத்தில் மென்மையான ஒரு வழியும் உண்டு. பூமியின் சுழற்சியோடு ஒத்துப்போக உலக நேரத்தில் அவ்வப்போது ஒரு நொடி சேர்ப்பார்கள். 2012 ஜூன் 30 அன்று அப்படிச் சேர்த்தபோது பல இணையதளங்கள் முடங்கின. கூகிள் அந்த நொடியைச் சேர்ப்பதில்லை; நீண்ட நேரத்துக்குப் பரப்பி, ஒவ்வொரு நொடியையும் துளித்துளியாக நீட்டிக் கரைத்துவிடுகிறது. யாருக்கும் உறைக்காது. மாறிப்போன வரலாற்றை இப்படி யாருக்கும் தெரியாமல் தலைமுறை தலைமுறையாகக் கரைத்துத் திருத்துகிற ஓர் அலுவலகத்தை நான் எங்கும் படித்ததில்லை. வேண்டுமானால் எடுத்துக்கொள்ளுங்கள்.

‘இன்று நேற்று நாளை’யில் நண்பர்களின் தலையீட்டால், என்கவுன்ட்டரில் செத்திருக்க வேண்டிய ரவுடி குழந்தைவேலு பிழைத்துவிடுகிறான். அவன் உயிரோடு இருப்பதுதான் பிறழ்வு. சரிசெய்வது என்றால் அவன் சாக வேண்டும். ரவுடி என்பதால் தியேட்டரில் நாம் யாரும் கவலைப்படவில்லை. இயக்குநர் ரவிக்குமார் அதைக் கலகலப்பாகவே கொண்டுபோனார், அந்தப் படத்துக்கு அது சரி. அந்த இடத்தில் ஒரு பள்ளிக்கூடப் பையனோ, பழைய உலகில் பிரசவத்தில் இறந்த ஒரு தாயோ பிழைத்திருந்தால்?

எனக்கு வேண்டிய கதையைச் சொல்லிவிடுகிறேன். இரவு ஷிப்ட். அவள் ஒருத்திதான் அறையில். மூன்று முள்ளில் இரண்டு ஒத்துப்போகின்றன, ஒன்று விலகி நிற்கிறது. இது நிஜமா, மேலே இருப்பவர்கள் வைத்த தேர்வா, பக்கத்துச் சாலையில் போன லாரியா என்று அவளுக்குத் தெரியாது. பொத்தானை அழுத்தினால் எங்கோ ஒரு தாய் பிழைக்கவில்லை என்றாகிவிடும். அழுத்தாவிட்டால் விடியும்போது இப்படி ஓர் அறையே இருந்திருக்காது. அவள் பெயர், சம்பளம், வீட்டில் யார் யார் என்பதெல்லாம் உங்கள் விருப்பம். டிராயரில் ஒட்டிய உறை ஒன்று இருக்கட்டும். அதை அவள் பிரித்தாளா இல்லையா என்பதை மட்டும் இடைவேளைக்கு முன்பே சொல்லிவிடாதீர்கள்.

அன்புடன்,
உங்கள் வாசகன்